ருக்மணி தேவி என்ற டெய்சி ராசம்மா: மன்னார்க் கரையிலிருந்து ஒரு நோக்கு

1947ஆம் ஆண்டு ஜனவரி 21ஆந் திகதி கொழும்பில் ஒரு திரைப்படம் வெளியானது. 'கடவுணு பொறொந்துவ' என்பது அதன் பெயர். குலைந்த வாக்குறுதி என்று தமிழில் சொல்லலாம். சிங்களம் பேசிய முதலாவது படம் அதுவே. ஆண்டுதோறும் ஜனவரி 21 வந்தால் சிங்கள சினிமாவின் பிறந்த நாள் என்று பத்திரிகைகள் எழுதுகின்றன. அவ்வாறு எழுதப்படுவனவற்றில் ஓரமாகவே சொல்லப்பட்டுக் கடந்து போகும் மூன்று செய்திகள் உண்டு. அந்தப் படம் எடுக்கப்பட்டது மதுரையில். அதைத் தயாரித்தவர் எஸ்.எம். நாயகம் என்ற தமிழர். அதன் கதாநாயகி ருக்மணி தேவிக்குப் பெற்றோர் இட்ட பெயர் டெய்சி ராசம்மா டானியல்ஸ்.

முஸ்லிம் எழுத்தாளர்களின் ஏட்டில் ஒரு நடிகையைப் பற்றிய கட்டுரை எதற்கு என்று கேட்கக்கூடிய நண்பர்கள் எனக்கு உண்டு. அவர்கள் கேட்பதிலும் நியாயமுண்டு. கூத்தையும் கொட்டகையையும் ஐயத்துடன் நோக்கிய சமூகம் நமது. ஆயினும் மொழி ஒன்று, மதம் வேறு என்ற நிலையில் வாழ்ந்து, மொழியையே இனமென்று கொண்டவர்களுக்கும் மதத்தையே இனமென்று கொண்டவர்களுக்கும் இடையில் நின்று பதில் சொல்லி அலுத்தவர்கள் நாம். பிறப்பு ஒரு பக்கமும் குரல் ஒரு பக்கமுமாக வாழ்ந்த ஒருத்தியின் கதை நமக்குப் புறம்பானதாக இருக்க முடியாது. அவரோடு சேர்ந்து அந்தச் சபையில் நமது ஆட்களும் இருந்தார்கள் என்பது இன்னொரு காரணம். அதைப் பின்னர் சொல்வேன்.

கடலோரம் நடந்து சென்ற கூத்து

ருக்மணி தேவியின் கதையை மன்னாரிலிருந்து தொடங்குவதற்கு ஊர்ப்பற்று மட்டும் காரணமன்று. சிங்கள நாடக வரலாற்றை எழுதுபவர்கள் 'நாடகம' என்ற வடிவத்தைப் பற்றிப் பேசாமல் முன்னே போக முடியாது. பேராசிரியர் எதிரிவீர சரச்சந்திர 1956இல் 'மனமே'யை ஆக்குவதற்கு அடிப்படையாகக் கொண்டது அவ்வடிவத்தையே. அதன் மூலம் தமிழ்க் கத்தோலிக்கர் ஆடிய நாட்டுக்கூத்து என்பதை ஆய்வாளர்கள் ஏற்றுக்கொண்டுள்ளனர்.

மன்னார் மாவட்டத்துக் கத்தோலிக்கக் கிராமங்களில் கூத்து என்பது பொழுதுபோக்கன்று, நேர்த்திக்கடன். வடபாங்கு, தென்பாங்கு என இரு வகை இங்குண்டு. முன்னதை யாழ்ப்பாணப் பாங்கு என்றும் பின்னதை மாதோட்டப் பாங்கு என்றும் சொல்வர். கூத்தைச் சுருக்கி வசனம் கலந்து ஆடுவது வாசாப்பு. எண்டிறீக்கு எம்பரதோர், மூவிராசாக்கள், ஞானசௌந்தரி ஆகிய நாடகங்களின் ஏடுகள் கை மாறிக் கை மாறி வந்தவை. 1960களில் பேராசிரியர் சு. வித்தியானந்தன் அவற்றைப் பதிப்பித்ததனாலேயே அவை அச்சில் நிலைத்தன.

பாலன் இயேசுவைத் தேடிச் சென்ற மூன்று அரசர்களின் அதே கதை தெற்கே சிலாபம் பகுதியில் 'ராஜ துன் கட்டுவ' என்ற பெயரில் சிங்கள நாடகமாயிற்று. அதை ஆக்கியவராகச் சிலாபத்துக் கபிரியேல் பெர்னாந்துவைச் சொல்வர். மன்னார், புத்தளம், சிலாபம், நீர்கொழும்பு என்று நீளும் இந்த மேற்குக் கரையில் ஒரே கோயில், ஒரே தொழில், இரண்டு மொழி. வலைகளும் பாட்டுக்களும் கரையோரமாகவே போய்வந்தன. நீர்கொழும்பு மீனவர்கள் பருவம் பார்த்து மன்னார்த் தீவுக்கு வந்து வாடி அமைத்துத் தொழில் செய்வது தலைமுறை தலைமுறையாக நடந்து வந்த ஒன்று.

இக்கூத்துக்களில் பெண் வேடம் இட்டவர்கள் ஆண்களே. ஞானசௌந்தரியின் கை வெட்டப்படும் கட்டத்தில் ஊரே அழும். அழ வைப்பவர் மீசை மழித்த ஒரு மீனவராக இருப்பார். பெண்கள் திடலில் பாய் விரித்து இருந்து பார்த்தார்கள், பாட்டுக்களை மனனம் செய்தார்கள், தொட்டிலருகே பாடினார்கள். மேடையில் ஏறவில்லை. முஸ்லிம்களாகிய நம்மிடமும் களிக்கம்பும் சீனடியும் றபானும் பக்கீர்மாரின் பைத்தும் இருந்தன. 'அலிபாதுஷா நாடகம்' போன்ற நாடக நூல்களும் தமிழில் அச்சேறின. நம் பெண்களின் குரல் தாலாட்டுக்கும் குரவைக்கும் அப்பால் போகவில்லை. இது குற்றச்சாட்டல்ல. அக்காலத்து நிலை இக்கரை முழுவதிலும் அதுவே. ஒருத்தி மேடையேறுவது எத்தகைய காரியம் என்பதை விளங்கிக்கொள்ள இதைச் சொல்ல வேண்டியிருக்கிறது.

லக்னோவிலிருந்து கொழும்புக்கு

நாடகமவுக்கு அடுத்து வந்தது 'நூர்த்தி'. பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசிப் பகுதியில் பம்பாயிலிருந்து பார்சி நாடகக் கம்பனிகள் கொழும்புக்கு வந்தன. திரைச்சீலைகள், பளபளக்கும் உடைகள், ஹார்மோனியம், ஹிந்துஸ்தானி மெட்டுக்கள் ஆகியவற்றைக் கண்டு கொழும்பு மயங்கியது. அக்கம்பனிகளின் புகழ் பெற்ற நாடகமான 'இந்தர் சபா' உருதுவில் எழுதப்பட்டது. 1850களில் லக்னோவில் அதை எழுதியவர் ஆகா ஹசன் அமானத். அவத் நவாபின் தலைநகரில் ஒரு முஸ்லிம் புலவர் எழுதிய இசை நாடகத்தின் சாயல், அரை நூற்றாண்டுக்குள் மருதானையில் சிங்கள மேடையின் இலக்கணமாகிவிட்டது. ஜோன் டி சில்வா சிங்கள பௌத்த மறுமலர்ச்சி நாடகங்களை எழுதியபோது, அவற்றுக்கு இசையமைக்க இந்தியாவிலிருந்து விஸ்வநாத் லவ்ஜியை வரவழைத்தார். 1911இல் அமைக்கப்பட்ட டவர் மண்டபம் இந்த நூர்த்தியின் கோட்டையாக விளங்கியது.

தூய கலை, நமது கலை என்று எவரேனும் மேசையில் அடித்துப் பேசும்போது நான் இந்த வரிசையை நினைத்துக்கொள்வதுண்டு. தமிழ்க் கத்தோலிக்கரின் கூத்து, உருதுக்காரரின் இசை நாடகம், மராத்தியரின் மெட்டு என யாவும் சேர்ந்தே சிங்கள மேடை உருவானது. அதில் அவமானம் எதுவுமில்லை. எல்லாக் கலைகளும் அவ்வாறே உருவாகின்றன.

அந்த மேடைக்குத்தான் டெய்சி ராசம்மா வந்தார்.

சீதை வேடமிட்ட சிறுமி

1923ஆம் ஆண்டு ஜனவரி 15ஆந் திகதி நுவரெலியா மாவட்டத்து றம்பொடையில் அவர் பிறந்தார். தந்தை ஜோன் டானியல்ஸ் கொழும்புச் செட்டிச் சமூகத்தைச் சேர்ந்தவர். வணிகத்தின் பொருட்டுத் தென்னிந்தியாவிலிருந்து வந்து கொழும்பில் நிலைகொண்டு, ஐரோப்பியர் ஆட்சியில் கிறிஸ்தவர்களான சமூகம் அது. தமிழும் சிங்களமும் ஆங்கிலமும் அவர்களிடையே புழங்கின. குடும்பம் கொழும்புக்கு வந்து வெள்ளவத்தையில் குடியேறியது. புனித கிளேயார் பாடசாலையில் படித்த சிறுமி ஏழு வயதில் நத்தார் நாடகமொன்றில் நடித்தாள். பன்னிரண்டு, பதின்மூன்று வயதில் 'ராமாயணய' என்ற சிங்கள நாடகத்தில் சீதையானாள்.

ருக்மணி என்ற பெயரை மேடை அவருக்குக் கொடுத்தது. கிறிஸ்தவப் பெயர் மறைந்தது, ராசம்மா என்ற தமிழ்ப் பெயரும் மறைந்தது, அவ்விடத்தில் ஓர் இந்துப் புராணப் பெயர் வந்தது. அதைச் சூட்டிக்கொண்டு அவர் பாடியது சிங்களத்தில். 1939இல் அவரது முதல் இசைத்தட்டு வெளிவந்தது. எச்.டபிள்யூ. றூபசிங்கவுடன் சேர்ந்து பாடிய அப்பாட்டு புத்தகயா விகாரையைப் போற்றுவது. கிறிஸ்தவ வீட்டுப் பெண், பதினாறு வயதில் புத்தர் ஞானம் பெற்ற இடத்தைப் பாடுகிறார். வெசாக் காலத்தில் தோரணங்களின் கீழ் நின்று அதைக் கேட்ட மக்கள் பாடியவரின் சமயத்தை விசாரிக்கவில்லை.

நீர்கொழும்பில் பி.ஏ.டபிள்யூ. ஜயமான்ன நடத்திய மினர்வா நாடகக் குழுவில் அவர் சேர்ந்தது அடுத்த திருப்பம். ஜயமான்ன எழுதியவை சமூக நாடகங்கள். பணக்கார வீடு, ஏமாற்றப்பட்ட பெண், முறிந்த காதல், ஆங்கிலம் கலந்து பேசும் நாகரிகக்காரன், இடையிடையே சிரிப்பூட்டும் வேலைக்காரன் என்பவை அவற்றில் நிரம்பியிருந்தன. வேலைக்காரனாக வந்தவர் ஜயமான்னவின் தம்பி எடி. பின்னர் எடியே ருக்மணியின் கணவரானார். அரச சபைகளையும் தேவலோகத்தையும் விட்டுச் சிங்கள மேடை நடுத்தர வர்க்கத்தின் வரவேற்பறைக்குள் இறங்கியது இந்நாடகங்களில்தான். இலக்கியத் தரம் குறைவென்று பிற்கால விமர்சகர்கள் சொன்னார்கள். சனங்கள் திரண்டு வந்தார்கள்.

மதுரைக்குப் போன சிங்களம்

மினர்வாவின் வெற்றி நாடகமான 'கடவுணு பொறொந்துவ'வை எஸ்.எம். நாயகம் படமாக்கினார். இலங்கையில் அப்போது ஸ்டூடியோ இல்லை. எனவே குழு மதுரைக்குப் போயிற்று. நெறியாண்டவர் ஜோதிஷ் சிங் என்ற வங்காளி. இசை ஆர். நாராயண ஐயர். தமிழர் பணம், வங்காளியின் நெறியாள்கை, மதுரைத் தொழிலாளரின் கைவேலை. சிங்களம் பேசும் முதல் படம் இவ்வாறு பிறந்தது.

கொழும்பிலிருந்து மதுரைக்குப் போவோர் அக்காலத்தில் தலைமன்னார் வழியே செல்வது வழக்கம். 1914இல் பாம்பன் பாலமும் தலைமன்னார் இறங்குதுறையும் திறக்கப்பட்ட பின், கொழும்புக் கோட்டையில் ஒரு டிக்கற் எடுத்தால் சென்னை எழும்பூர் வரை போகலாம். இரவு புகையிரதம், காலையில் கப்பல், மறுபடியும் புகையிரதம். நடுவே சுமார் முப்பது கிலோமீற்றர் கடல். தோட்டங்களுக்கு வந்த தொழிலாளரும், வியாபாரத்துக்குப் போன நமது ஆட்களும், நாடகக் கம்பனிக்காரரும் அவ்வழியே போய்வந்தனர். கே.பி. சுந்தராம்பாளும் எஸ்.ஜி. கிட்டப்பாவும் 1920களின் நடுவில் கொழும்பு மேடையில் சேர்ந்து நடிக்கத் தொடங்கியதும் இக்கடல் வழி திறந்திருந்த காலத்தில்தான். மன்னார்ப் பெட்டி தூக்கும் தொழிலாளிக்கு ராஜபார்ட் யார், ஸ்திரீபார்ட் யார் என்பது அவர்களுடைய பெட்டியின் பாரத்திலேயே தெரிந்துவிடும் என்று எங்கள் ஊரில் ஒரு பகிடி இருந்தது.

அதே 1947இல் இரண்டாவது சிங்களப் படம் 'அசோகமாலா' வந்தது. அதைத் தயாரித்தவர் சிற்றம்பலம் கார்டினர். படமாக்கப்பட்டது கோயம்புத்தூரில். இசையமைத்தவர் முகம்மது கௌஸ், கௌஸ் மாஸ்டர் என்று எல்லோரும் அறிந்தவர். அதில் பாடியவர்களில் ஒருவர் சேலத்தில் பிறந்து சிறுவயதில் இலங்கைக்கு வந்த முகைதீன் பேக். பிற்காலத்தில் சிங்களவர் மனங்களில் வெசாக் பாட்டு என்றால் பேக் என்றாயிற்று. 1991இல் அவர் காலமாகும் வரை அந்த இடத்துக்கு வேறொருவர் வரவில்லை. ருக்மணி தேவியும் முகைதீன் பேக்கும் சேர்ந்து பாடிய பாட்டுக்கள் இலங்கை வானொலியில் ஓயாமல் ஒலித்தன. நமது ஆட்களும் அந்தச் சபையில் இருந்தார்கள் என்று மேலே குறிப்பிட்டது இவர்களையே.

எனக்கு அக்குரல்கள் அறிமுகமானது நீர்கொழும்பு மீனவர்களின் வாடியில். மாலையில் வலை காயப் போட்டபின் அவர்கள் டிரான்சிஸ்டரைத் தூணில் தொங்கவிடுவார்கள். கருவாடு விலை பேச வாப்பா போகும்போது நானும் கூடப் போவேன். ஒருநாள் ஒரு சோடிப் பாட்டுப் போய்க்கொண்டிருந்தது. "பாடுற மனிசன் பேக், எங்கட ஆள்" என்றார் வாப்பா, ஒரு பெருமையோடு. பெண் குரல் யாருடையது என்று கேட்டேன். வாடிக்காரர் முந்திக்கொண்டு, "அது எங்கட ருக்மணி நோனா, மீகமுவ" என்றார். வாப்பா சிரித்தார். "அவ ராசம்மா எண்ட பேருள்ள தமிழ்ப் பொம்புள காக்கா, உங்களுக்குத் தெரியாதா?" என்றார். வாடிக்காரர் சற்று யோசித்துவிட்டுச் சொன்ன பதில் இது: "அப்பிடியெண்டா என்ன, அவ எங்களுக்காகத்தானே பாடுறா." கருவாட்டு விலை அன்று வாப்பா கேட்டபடியே படிந்தது.

அந்தப் பதிலின் பெறுமதி எனக்குப் பின்னர்தான் விளங்கிற்று. அவர் ருக்மணியின் பிறப்பை மறுக்கவில்லை, மறைக்கவுமில்லை. பாட்டு யாருக்காகப் பாடப்படுகிறதோ அவர்களுக்கு அது உரியது என்றார்.

அக்கரைக்குப் போன இன்னொரு தேவி

இவ்விடத்தில் மற்றொரு இலங்கைப் பெண்ணையும் சேர்த்து நோக்குவது பொருந்தும். யாழ்ப்பாணத்து இணுவிலைச் சேர்ந்த கே. தவமணி தேவி கடல் கடந்து தமிழ்ச் சினிமாவுக்குப் போனவர். 1937இல் சேலம் மொடர்ன் தியேட்டர்ஸின் முதற் படமான 'சதி அகல்யா'வில் அகல்யாவாக நடித்தார். 1940இல் எம்.எஸ். சுப்புலட்சுமி நடித்த 'சகுந்தலை'யில் மேனகையாக வந்தார். 1941இல் 'வனமோகினி'. காட்டுப் பெண்ணாக அவர் அதில் அணிந்த உடையைப் பற்றி இன்றுவரை எழுதுகிறார்கள். 1946இல் 'வித்யாபதி'. 'கடவுணு பொறொந்துவ' வெளிவந்த அதே 1947இல், எம்.ஜி.ஆர். முதன்முறையாகக் கதாநாயகனான 'ராஜகுமாரி'யிலும் அவர் இருந்தார். 'சிங்களத்துக் குயில்' என்று தமிழகம் அவரை அழைத்தது.

யாழ்ப்பாணத்துத் தமிழச்சிக்கு அக்கரையில் கிடைத்த பட்டம் சிங்களத்துக் குயில். கொழும்புச் செட்டிப் பெண்ணுக்கு இக்கரையில் கிடைத்த இடம் சிங்கள சினிமாவின் முதல் நாயகி. ஊர் தெரியாதவர்கள் இவ்விரு வரிகளை மட்டும் வாசித்தால் யார் எவர் என்று மாறாட்டம் அடைவர். இந்த மாறாட்டமே நம் கரைகளின் உண்மையான வரலாறு என்பது என் எண்ணம்.

தவமணி தேவி திருமணத்தின் பின் இராமேஸ்வரத்தில் வாழ்ந்தார். 2001 பெப்ரவரி 10ஆந் திகதி அங்கேயே காலமானார். தலைமன்னாரிலிருந்து மேற்கே நோக்கினால் அந்தத் திக்கு. 1964 டிசெம்பர்ப் புயலில் தனுஷ்கோடி அழிந்தது. அதன் பின் இராமேஸ்வரத்திலிருந்து ஓடிய கப்பலும் 1980களின் நடுப்பகுதியில் நின்றுபோயிற்று. தான் பிறந்த நாட்டுக்கு மிகக் கிட்டிய இந்திய மண்ணில் இருந்துகொண்டு, போய்வர வழியற்ற கடலைப் பார்த்தபடி அவர் கடைசிக் காலத்தைக் கழித்திருக்கிறார்.

புகழும் பிழைப்பும்

ருக்மணி தேவியின் தொழில் வாழ்க்கை நேர்கோடாக ஏறிச் சென்றதல்ல. 1947க்குப் பின் பத்தாண்டுகள் ஜயமான்னவின் படங்களில் அவரே நாயகி. 1953இல் டபிள்யூ.ஏ. சில்வாவின் நாவல் 'கெலே ஹந்த' படமானபோதும் அவரே நாயகி. இப்படங்கள் பெரும்பாலும் தென்னிந்திய ஸ்டூடியோக்களில் எடுக்கப்பட்டவை. பாட்டு மெட்டு, காட்சியமைப்பு, கண்ணீர், நகைச்சுவை யாவும் தமிழ், ஹிந்திப் படங்களின் அச்சு. 1956இல் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் 'ரேகாவ'வைக் கிராமத்து வெயிலில் எடுத்துக் காட்டியதும், பழைய படங்களின் செயற்கைத்தன்மை எல்லோருக்கும் துலங்கியது.

அந்த விமர்சனம் நியாயமானது. லெஸ்டர் செய்தது பெரிய காரியம். ஆனால் 1956 வேறொன்றுக்கும் உரிய ஆண்டு. தனிச்சிங்களச் சட்டம் வந்ததும் அவ்வாண்டே. கலை பற்றிய கண்டனமாகத் தொடங்கிய 'தென்னிந்தியப் பாணி' என்ற சொல், சிலர் வாயில் மெல்ல மெல்ல ஆட்களைச் சுட்டும் வசையாயிற்று. இரண்டையும் பிரித்தறிய வேண்டியது விமர்சகரின் கடமை. மோசமான நகலை மோசமான நகல் என்று சொல்வோம். அதை எடுத்தவன் தமிழன் என்பதால் அது மோசமாகவில்லை.

1958 கலவரத்திலும் அதன் பின்பும் ருக்மணி தேவியைச் சிங்கள மக்கள் தம்மவராகவே வைத்திருந்தனர். அது ஓர் ஆறுதல். அந்த அன்பு, நாயகி வயது கடந்த பின் அவரைத் தொடர்ந்து திரையில் வைத்திருக்கவில்லை. புதிய முகங்கள் வந்தன. அவர் இசை நிகழ்ச்சிகளுக்கும் களியாட்ட விழாக்களுக்கும் ஊர் ஊராகப் போய்ப் பாடினார். ஒரு காலத்தில் பெயர்ப் பலகையில் முதற் பெயராக நின்றவர், ஐம்பது வயதைக் கடந்த பின்பும் இரவு முழுவதும் பயணம் செய்து பாட வேண்டியிருந்தது. நடிப்பைப் பிழைப்பாகக் கொண்ட பெண்களுக்கு ஓய்வூதியம் கிடையாது. ஆண் நடிகர் நாற்பதில் நாயகனாக இருப்பார், ஐம்பதிலும் இருப்பார். நடிகை தாயாகிவிட வேண்டும், அல்லது மறைந்துவிட வேண்டும். இது அக்கரைக்கும் பொது.

1978இல் வெளிவந்த 'அஹசின் பொலவட்ட'வில் லெஸ்டரே அவரை நடிக்க வைத்தார். பழைய சினிமாவை மறுத்த நெறியாளர், அதன் நாயகிக்குத் தம் படத்தில் இடம் கொடுத்தார். அவ்வாண்டு ஒக்டோபரில் மாத்தறை உயன்வத்தையில் ஓர் இசை நிகழ்ச்சியில் பாடிவிட்டு நீர்கொழும்பு வீட்டுக்குத் திரும்பிக்கொண்டிருந்தார். 28ஆந் திகதி அதிகாலை ஜா-எலவுக்குக் கிட்டத் துடெல்லவில் அவர் வந்த வாகனம் விபத்துக்குள்ளானது. வீட்டுக்கு இன்னும் சிறிது தூரமே இருந்தது. வயது 55. நீர்கொழும்பில் நடந்த நல்லடக்கத்துக்கு வந்த கூட்டத்தைப் பற்றி அங்குள்ள முதியவர்கள் நெடுங்காலம் பேசினார்கள். டெய்சி ராசம்மாவுக்காக அழுதவர்களில் மிகப் பெரும்பாலானோர் சிங்களவர்.

ஐந்து ஆண்டுகளின் பின்

1983 யூலையில் நடந்தவற்றை இங்கு விரித்துரைக்க வேண்டியதில்லை. சினிமாவோடு தொடர்புடைய இரண்டை மட்டும் குறிப்பிடுவேன். சிங்களப் படங்களை நெறிப்படுத்திய கே. வெங்கட் கொல்லப்பட்டார். கே. குணரத்தினத்துக்குச் சொந்தமான ஹெந்தளை விஜயா ஸ்டூடியோ எரிக்கப்பட்டது. எரிந்தவற்றில் சிங்களப் படங்களின் மூலச் சுருள்கள் இருந்தன. தமிழனின் சொத்து என்று எண்ணி வைத்த தீயில் சிங்களவரின் சினிமாவும் சாம்பலாயிற்று. பகையின் கணக்கு எப்போதும் அப்படித்தான் முடிகிறது. கலவை என்பது வெறும் அலங்காரப் பேச்சல்ல என்பதற்கு இதைவிடக் கசப்பான சான்று வேண்டியதில்லை. ஒன்றாய்ப் பின்னிய பாயில் ஒருவர் ஓலையை மட்டும் எரிக்க முடியாது.

நமக்கும் ஒரு கணக்குண்டு. 1990 ஒக்டோபரில் வடபுலத்து முஸ்லிம்கள் சுமார் 75,000 பேர் வெளியேற்றப்பட்டோம். மன்னார்த் தீவிலிருந்து வள்ளங்களில் கற்பிட்டிக்கும் புத்தளத்துக்கும் வந்து சேர்ந்தோம். கையில் கொண்டு வர முடிந்தது கொஞ்சம். எங்கள் வீட்டில் விட்டுவிட்டு வந்தவற்றில் வாப்பாவின் இசைத்தட்டுக்கள் இருந்தன. நாகூர்ப் பாட்டுக்கள், கிட்டப்பா, பேக், பேக்கோடு ருக்மணி. தட்டுக்களின் விலை பெரிதல்ல. ஆனால் எங்கள் ஊர்க்காரர் எதையெல்லாம் கேட்டு வளர்ந்தார்கள் என்பதற்கு அவை ஓர் அத்தாட்சியாக இருந்தன. நாம் தமிழைத் தவிர வேறெதையும் அறியோம் என்று ஒரு சாராரும், தமிழோடு நமக்கு ஒட்டில்லை என்று இன்னொரு சாராரும் சொல்லும் இந்நாளில் அந்த அடுக்கைக் காட்டியிருக்கலாம்.

புத்தளத்து அகதி முகாமில் வாழ்ந்த ஆண்டுகளில் எங்கள் பிள்ளைகள் சிங்களம் கற்றார்கள். உம்மாமார் அதைக் கண்டு பயந்தார்கள். பிள்ளை மொழியை இழந்துவிடுமோ என்ற பயம். அந்தப் பயமும் உண்மையானது. டெய்சி ராசம்மாவின் வாழ்வு இரண்டு பாடத்தையும் சொல்கிறது. வேறொரு மொழியில் ஒருவர் தம் முழு ஆற்றலையும் காட்ட முடியும், அம்மொழி பேசுவோர் அவரைத் தலைமேல் வைத்துக் கொண்டாடவும் முடியும். கூடவே, வந்த வழி மெல்ல அழிந்து போகவும் முடியும். ராசம்மா என்ற பெயரை இன்று தமிழ் வாசகர்களிலும் பலர் அறியார்.

செய்ய வேண்டியவை

தமிழில் எழுதப்பட்ட இலங்கைச் சினிமா வரலாறுகள் தமிழ்ப் படங்களை வைத்தே தொடங்குகின்றன. சிங்களத்தில் எழுதப்பட்டவை நாயகத்தையும் கார்டினரையும் முதலாளிகள் என்ற அளவில் சொல்லிச் செல்கின்றன. கௌஸ் மாஸ்டரைப் பற்றியும் முகைதீன் பேக்கைப் பற்றியும் நமது ஏடுகளில் வந்தவை மிகக் குறைவு. சமயத்துக்கு ஒவ்வாத தொழில் என்று ஒதுக்கினோமோ, சிங்களத்தில் பாடியவர் என்று ஒதுக்கினோமோ, இரண்டும் சேர்ந்ததோ. ஒதுக்கியதற்கான காரணம் எதுவானாலும் நட்டம் ஒன்றே.

தலைமன்னார்ப் புகையிரதப் பாதை 1990இல் நின்று 2015 மார்ச்சில் மீண்டும் இறங்குதுறை வரை திறக்கப்பட்டது. மீள்குடியேறிய நமது குடும்பங்கள் சில அந்த வண்டியில் வந்து இறங்குகின்றன. அந்தப் பாதையில் முன்னர் போய்வந்தவர்களை நேரில் கண்டவர்கள் இன்று எண்பதைக் கடந்தவர்கள். துறைமுகத்தில் வேலை செய்தவர்கள், படப் பெட்டி சுமந்தவர்கள், மன்னார் நகரில் ரூரிங் கொட்டகை பார்த்தவர்கள், கூத்தில் பெண் வேடமிட்ட அண்ணாவிமார், வாடிகளில் நீர்கொழும்பாரோடு தொழில் செய்தவர்கள் என்று இன்னும் சிலர் எஞ்சியிருக்கிறார்கள். கத்தோலிக்க நண்பர்கள் தம் கூத்து ஏடுகளைப் பதிப்பித்துவிட்டார்கள். நமது பங்கு இன்னும் வாய்வழியாகவே இருக்கிறது. இளம் எழுத்தாளர்கள் ஊருக்கொருவராக இதை எடுத்துச் செய்தால் ஓராண்டுக்குள் ஒரு தொகுப்பு வரும்.

முக்கியமாக, பெண்களிடம் கேட்க வேண்டும். மேடையேறிய ராசம்மாவின் கதையாவது இசைத்தட்டிலும் படச்சுருளிலும் கொஞ்சம் எஞ்சியது. மேடையேறாமல் அடுக்களையிலும் தொட்டிலடியிலும் பாடிய நமது உம்மம்மாமாரின் குரல் எந்தத் தட்டிலும் பதிவாகவில்லை. அவர்கள் எந்தப் பாட்டைக் கேட்டு எந்த மெட்டில் தாலாட்டுக் கட்டினார்கள் என்பதை அறிந்தவர்கள் அவர்களுடைய பேத்திகள் மட்டுமே. அவர்களுக்கும் வயதாகிக்கொண்டிருக்கிறது.